தம்போரா வெடிச்சப்ப காலம் ரெண்டாப் பிரிஞ்சுச்சா மருமவனே?

மருமவனே, நீ அனுப்புன வாய்ஸ் மெசேஜ ரெண்டு தடவ கேட்டுட்டேன். பதினோரு நிமிசம். மொத தடவ கேக்கும்போது ஒங்க அத்தை அடுப்படில இருந்து எட்டிப்பாத்து 'அந்தப் பய நேரத்துக்குச் சாப்பிடுதானா இல்லயா'ன்னு கேட்டா, அந்த லெச்சணத்துல இருந்துச்சு ஒன் தியரி. இருந்தாலும் முப்பத்தோரு வருசம் பிசிக்ஸ் வாத்தியாரா சாக்பீஸ் தூசி தின்னவனுக்கு ஒரு கேள்விய தட்டிவிட்டா ராத்திரி தூக்கம் வராது, அதனால உக்காந்து டைப் பண்ணுதேன், எழுத்துப்பிழை இருந்தா கண்டுக்காத, கண்ணாடிய மாத்தணும்.

நீ கேட்டத ஒருக்கா நானே சொல்லிப் பாக்கேன். ஒங்க காலேஜ் மலருக்கு நீயும் ஒன் ரூம்மேட்டும் ஒரு கதை எழுதுதிய. அதுக்குள்ள ஒரு தியரி, பேரு 'எரிமலைக் கிளை'. எரிமலை வெடிப்ப அளக்குற வி.ஈ.ஐ. அளவுல 7-உம் அதுக்கு மேலயும் போற வெடிப்பு ஒவ்வொண்ணும் காலத்தையே கீறிப்புடுமாம், அந்த எடத்துல டைம்லைன் ரெண்டாப் பிரியுமாம், ஒண்ணுல மலை வெடிச்சிருக்கும், இன்னொண்ணுல வெடிச்சிருக்காது, நாம வெடிச்ச பக்கம் மாட்டிக்கிட்டோம், இந்தோனேசியாவுல தம்போரா எரிமலை 1815-ல வெடிச்சதால மறு வருசம் வந்த பஞ்சத்த அந்தப் பக்கத்துக்காரன் பாக்கவே இல்ல, அங்க வ.உ.சி. கப்பல் இன்னைக்கும் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் ஓடிட்டு இருக்கு. இதுக்கு ஆதாரமா கோடையே இல்லாத வருசம், மெட்ராஸ்ல தெரிஞ்ச பச்ச சூரியன், கிரீஸ் பக்கம் தேரா எரிமலைக்கு ரெண்டு தேதி வருதது, மலை மேல கடிகாரம் வேகமா ஓடுதது, கடைசியா நம்ம தேரி மணலு. 'மாமா, இது அறிவியலா ஒத்துவருமா, இல்ல ரீலா?'

ரீலுதான். ஆனா ஒவ்வொரு நூலும் எங்கன அறுந்துபோவுதுன்னு பாக்கதுல ஒரு ருசி இருக்கு. எரிமலைக்கும் டைம்லைனுக்கும் நெசமாவே ஒரு சம்பந்தம் உண்டு, அது நீ சொன்னதுக்கு நேர் தலைகீழு, அதுக்குப் பைய வாரேன்.

மொதல்ல தேரி. திசையன்விளைக்குக் கெழக்க செவசெவன்னு கெடக்கே, அது எரிமலைச் சாம்பல் இல்லல. காத்து அடிச்சுக் கொண்டாந்து குமிச்ச மணலு, மணல் மேல இரும்பு ஆக்சைடு படிஞ்சு செவந்து போச்சு, அம்புட்டுதான். ஒரு கையளவு எடுத்து லென்ஸ் வச்சுப் பாத்தா உருண்ட உருண்டயா குவார்ட்ஸ் தெரியும். எரிமலைச் சாம்பல்னா ஒடஞ்ச கண்ணாடிச் சில்லு மாதிரி கூரா இருக்கும். அகஸ்தியர் மலையும் எரிமலை கெடயாது, நம்ம பக்கத்து மலையெல்லாம் சார்னகைட்டு, நைஸ்னு பூமிக்குள்ள ஆழத்துல வெந்து இறுகி மேல வந்த பழைய பாறை. தொண்ணூறுகள் கடைசில அபிஷேகப்பட்டி பக்கம் தரைக்குள்ள இருந்து உருகுன பாறை வந்துச்சுன்னு ஊரே தெரண்டு போயி வேடிக்க பாத்துச்சு, 'நெல்லையில எரிமலை'ன்னு டீக்கடையெல்லாம் ஒரே பேச்சு. கடைசில கரண்டு கம்பில இருந்து மின்சாரம் தரைல எறங்குன சூட்டுல மண்ணு உருகிருக்கும்னு ஒரு வெளக்கம் சொன்னாவ, அதுதான் எனக்கும் சரின்னு படுது. இந்தியாவுல உசுரோட இருக்க எரிமலை அந்தமான் பக்கம் பாரன் தீவு ஒண்ணுதான், ரொம்ப காலம் அடங்கிக் கெடந்து 1991-ல முழிச்சுது, 2017-லயும் பொகஞ்சுது. அதுவும் ஒன் தியரிக்கு ஆவாது, சின்ன வெடிப்பு.

சின்ன வெடிப்புன்னதும் ஞாவகம் வருது, நீ ஒன் தியரியவே ஒழுங்காப் படிக்கல. 7-க்கு மேல போனாத்தான் காலம் பிரியும்ங்க, பெறவு பச்ச சூரியன ஆதாரமாக் காட்டுத. பச்ச சூரியன் 1883 ஆகஸ்ட் 27-ல வெடிச்ச கிரகடோவாவோட வேல, அது 6-தாம்ல! அந்த அளவு ஒவ்வொரு படிக்கும் பத்து மடங்கு ஏறும், 7-ங்கது நூறு கன கிலோமீட்டருக்குக் கொறையாம கல்லயும் சாம்பலயும் வெளிய தள்ளணும். கிரகடோவா சத்தம் பெரிய சத்தம், 4800 கிலோமீட்டர் தள்ளி ரோட்ரிகஸ் தீவுல பீரங்கி போடுதாப்ல கேட்டுச்சு, காத்தழுத்த அலை உலகத்தப் பல சுத்து சுத்துனத அங்கங்க இருந்த பாரோமீட்டர் பதிஞ்சு வச்சிருக்கு. ரெண்டு வாரங் கழிச்சு செப்டம்பர்ல இலங்கைலயும் மெட்ராஸ்லயும் சூரியன் பச்சயா உதிச்சுது, பச்சயா அஸ்தமிச்சுது. மெட்ராஸ் கிறித்தவக் கல்லூரில பிசிக்ஸ் வாத்தியாரா இருந்த மிச்சி ஸ்மித் (பின்னால கொடைக்கானல் சூரிய ஆய்வகத்துக்கு மொத டைரக்டர் ஆனவரு) ஒளிய நெறம் நெறமாப் பிரிச்சுக் காட்டுத ஸ்பெக்ட்ராஸ்கோப் வச்சு அத ஆராஞ்சாரு. வானத்துல மெதந்த துகளெல்லாம் ஏறக்கொறய ஒரே சைஸ்ல, ஒளியோட அலைநீளத்துக்குப் பக்கத்துல இருந்தா செவப்பு செதறிப் போயிரும், பச்சயும் நீலமும் கண்ணுக்கு வரும். அதுக்கு இன்னொரு உலகம் தேவயில்ல, தூசி போதும்.

வ.உ.சி. கப்பலயும் இங்கனயே முடிச்சிருதேன். சுதேசிக் கப்பல் கம்பெனி 1906-ல ஆரம்பிச்சுது. அது முங்குனது எரிமலையால இல்ல. வெள்ளைக்காரன் கம்பெனி டிக்கட்ட அடிமாட்டு வெலைக்குக் கொறச்சு, அதுக்கும் ஆள் வரலன்னு சும்மா ஏத்திக் கையில ஒரு குடையும் குடுத்தான், 1908-ல அவர உள்ள தூக்கிப் போட்டுட்டான். தம்போரா வெடிக்காட்டி அந்தக் குட குடுத்தவன் பொறந்திருக்க மாட்டான்னு நீ சொல்லலாம். சொல்லு, கதைக்கு ஆவும். ஆனா அப்பிடிப் பாத்தா நம்ம தெருவுல எந்த மாடு எந்தப் பக்கம் திரும்புச்சுங்கதும் ஒரு காரணம்தான்.

சரி, தம்போரா. அது நெசமாவே பெரிய ஆளு. இந்தோனேசியாவுல சும்பாவா தீவு. 1812-லயே உறுமத் தொடங்கி, 1815 ஏப்ரல் 5-ல ஒரு வெடி, 10-ம் தேதி ராத்திரி மலையே போச்சு. 4300 மீட்டர் போல இருந்த மலை இப்ப 2850 மீட்டர், நடுவுல ஆறு கிலோமீட்டர் அகலத்துக்குப் பள்ளம். சத்தத்தக் கேட்டு ஜாவாவுல இருந்த பிரிட்டிஷ்காரன் எவனோ பீரங்கி அடிக்கான்னு பட்டாளத்த அனுப்பிருக்கான். கிட்டத்தட்ட 60 மில்லியன் டன் கந்தக டை ஆக்சைடு வானத்துக்கு மேல் அடுக்குக்குப் போயி, தண்ணியோட சேந்து கந்தக அமிலத் துளியா மாறி, பூமிக்கு மேல மெல்லிசா ஒரு துணி போத்துனாப்ல ஆயிட்டு. மறு வருசம் 1816-ல அமெரிக்காவோட வடகெழக்குல ஜூன்ல பனி கொட்டுச்சு, ஐரோப்பாவுல வெளச்சல் போச்சு, சீனாவுல யுன்னான் பக்கம் பஞ்சம். கோடை இல்லாத வருசம்னு சொல்லுதது இதத்தான். இதுல மர்மம் ஒண்ணுங் கெடயாது, 1991 ஜூன்ல பினாடுபோ வெடிச்சப்ப அளந்தே பாத்துட்டாவ, இருவது மில்லியன் டன்னுக்குள்ள கந்தக டை ஆக்சைடு, உலகச் சூடு ஏறக்கொறய அரை டிகிரி கொறஞ்சுது, ரெண்டு மூணு வருசத்துல பழயபடி ஆயிட்டு.

இப்ப ஒன் தியரியோட ஆணிவேருக்கு வாரேன், 'காலம் பிரியுது'ங்கதுக்கு. இத நீ சும்மா ஒளறலன்னு எனக்குத் தெரியும், எவரெட் தியரிய எங்கயோ கேட்டிருக்க. 1957-ல எவரெட்னு ஒரு அமெரிக்கப் பய தன்னோட டாக்டர் பட்ட ஆய்வுல சொன்னது: குவாண்டம் அளவுல, அதாவது அணு மாதிரி ரொம்பச் சின்ன அளவுல, ஒரு சங்கதி ரெண்டு விதமா நடக்க வாய்ப்பு இருந்தா, ஒண்ணு நடந்து இன்னொண்ணு அழிஞ்சு போவல, ரெண்டுமே நடக்கு, வேற வேற கிளையில. இது சரியா தப்பான்னு இன்னும் அடிச்சுக்கிட்டுத்தான் கெடக்காவ. சரின்னே வச்சுக்குவோம், அப்பவும் ஒன் எரிமலைக்குத் தனி மரியாத கெடயாது. மணவாளக்குறிச்சி கடக்கரைல கருப்பு மணல் இருக்குல்லா, அதுல மோனசைட்டுன்னு ஒரு தாது, மோனசைட்டுக்குள்ள தோரியம். ஒரு கிராம் தோரியம் எடுத்தா அதுல செகண்டுக்கு நாலாயிரம் அணு கிட்ட செதையுது, எந்த அணு எப்பச் செதையும்ங்கது சுத்தமான குவாண்டம் லாட்டரி. எவரெட் கணக்குப்படி பாத்தா அந்த ஒரு கிராமே செகண்டுக்கு ஆயிரக்கணக்குல கிளை விட்டுக்கிட்டு இருக்கு, நீ இந்த வரியப் படிச்சு முடிக்கதுக்குள்ள எத்தன ஆச்சு பாரு. கிளை பிரியதுக்கு நூறு கன கிலோமீட்டர் பாறை ஒடயணும்னு யாரும் சட்டம் போடல. பெரிய சத்தம் வந்தா பெரிய சங்கதி நடந்திருக்கணும்னு நெனைக்கது நம்ம மனசோட பழக்கம், இடி இடிச்சா அர்ச்சுனா அர்ச்சுனாங்கோம்லா அது மாதிரி.

இதுல ஒரு வேடிக்க பாத்தியா, தோரியமும் எரிமலையும் சொந்தக்காரங்கதான். பூமிக்குள்ள இருந்து வெளிய வார சூட்டுல சுமாரா பாதி, யுரேனியமும் தோரியமும் பொட்டாசியமும் செதையுததுனால வாரது. அந்தச் சூடுதான் உள்ள இருக்க பாறைய மெல்ல மெல்லக் கிண்டிவிடுது, பூமி மேலோட்டுத் தட்டு நகருது, ஒண்ணு இன்னொண்ணுக்கு அடியில போவுது, உருகுது, தம்போரா நெரம்புது. அப்ப 'எல்லா எரிமலைக்கும் அடியில குவாண்டம் லாட்டரி இருக்குல்லா மாமா'ன்னு நீ கேப்ப. கேளு, நல்ல கேள்வி. ஆனா லாட்டரிச் சீட்டு எண்ணிக்க அவ்வளவு அதிகமானா அதிர்ஷ்டம்ங்கதே இல்லாமப் போயிரும். ஒரு சோத்துப் பருக்க எப்ப வேவும்னு சொல்ல முடியாது, பானை எப்ப கொதிக்கும்னு ஒங்க அத்தை சரியாச் சொல்லுவா. அம்புட்டு கோடி அணுவும் சேந்து குடுக்க சூடு எல்லாக் கிளையிலயும் ஒண்ணுபோலத்தான் இருக்கும்.

அதுக்காக ஒனக்குக் கதவ முழுசா சாத்தல. 1961-ல லோரன்ஸ்னு ஒருத்தர் வானிலைக் கணக்க கம்ப்யூட்டர்ல ஓட்டும்போது 0.506127-ன்னு போட வேண்டிய எடத்துல 0.506-ன்னு போட்டுட்டு காப்பி குடிக்கப் போயிட்டாரு, வந்து பாத்தா வானிலையே வேற. சின்ன வித்தியாசம் ஊதி ஊதிப் பெருசாவும். மாக்மா அறை (எரிமலைக்கு அடியில உருகுன பாறை தேங்கி நிக்க எடம்) வெடிக்கப் போற வெளிம்புல நிக்கும்போது எந்த விரிசல் மொதல்ல வாய் தெறக்கும்ங்கதும் அந்த மாதிரி சின்னச் சங்கதியப் பொறுத்திருக்கலாம். அதனால ஒன் கதைய நான் எழுதுனா இப்பிடி எழுதுவேன்: வெடிக்காத தம்போரா எந்தக் கிளையிலயும் கெடயாது, ஏன்னா நூத்துக்கணக்கான வருசமா நெரம்புன குடம் அது, ஒருநாள் ஒடஞ்சுதான் ஆவணும். தேதிதான் மாறும். ஒரு கிளைல 1815 ஏப்ரல், இன்னொண்ணுல 1815 நவம்பர், வேறொண்ணுல 1822. தேதி மாறுனா மேல் காத்து மாறும், கந்தகம் எந்தப் பக்கம் அதிகம் போவும்ங்கது மாறும், எவன் வயல் காயும்ங்கதும் மாறும். 'வெடிச்சுதா வெடிக்கலயா'ங்கத விட 'எப்ப வெடிச்சுது'ங்கதுல கதை அதிகம் இருக்கு மக்கா.

கடிகாரம். மலை மேல கடிகாரம் வேகமா ஓடும்ங்கது நூத்துக்கு நூறு உண்ம, ஐன்ஸ்டைன் சொன்னது, அளந்தும் பாத்தாச்சு. ஈர்ப்பு கொறய கொறய கடிகாரம் வேகமா ஓடும். பாளையங்கோட்டைல ஒண்ணு, அத விட ஆயிரம் மீட்டர் ஒசரத்துல மாஞ்சோலைப் பக்கம் ஒண்ணு வச்சா, வருசத்துக்கு 3.4 மைக்ரோ செகண்டு மாஞ்சோலைக் கடிகாரம் முந்திரும். ஒரு மைக்ரோ செகண்டுங்கது செகண்ட பத்து லச்சமா வகுந்தா வார ஒரு பங்கு. எஸ்டேட்ல எம்பது வருசம் இருந்தவுக கீழ இருந்தவங்கள விட செகண்டுல மூவாயிரத்துல ஒரு பங்குக்கும் கொறவாத்தான் கூட வயசாயிருப்பாவ. இதுக்கும் எரிமலைக்கும் சம்பந்தம் ஒசரம் மட்டுந்தான், ஒசரத்துல 1450 மீட்டர இழந்த தம்போராவுல உச்சிக் கடிகாரம் முன்ன விட வருசத்துக்கு அஞ்சு மைக்ரோ செகண்டு பின்தங்கிருக்கும், கடிகாரம் பொழச்சிருந்தா. நெசமான ஆராய்ச்சில இத எப்பிடிப் பயன்படுத்தலாம்னு பாக்காவன்னா, இப்ப இருக்க ஆப்டிகல் அணுக்கடிகாரம் ஒரு சென்டிமீட்டர் ஒசர வித்தியாசத்தயே காட்டிரும், மாக்மா நெரம்பி மலை வயிறு ஊதுனா கடிகாரத்துல தெரியும்லா, அத வச்சு கண்காணிக்கலாமான்னு யோசிச்சிருக்காவ. இத ஒன் கதைல போடு, ஜோரா இருக்கும். ஆனா ரெண்டு கடிகாரம் ஒத்துப்போவலன்னா ரெண்டு காலம்னு அர்த்தமில்ல, ரெண்டுமே ஒரே காலத்துலதான் நிக்கி.

தேராவும் அதே கதைதான். சாண்டோரினித் தீவு, கி.மு. பதினேழாம் நூத்தாண்டா பதினாறாம் நூத்தாண்டான்னு சண்ட. சாம்பல்ல பொதைஞ்சு கெடந்த ஒரு ஆலிவ் கிளைய எடுத்து கார்பன் கணக்குப் போட்டு கி.மு. 1627-ல இருந்து 1600-க்குள்ளன்னு 2006-ல சொன்னாவ. எகிப்துப் பானையும் ராசா வரிசையும் வச்சுக் கணக்குப் போடுதவங்க 1500 பக்கம்னாங்க. நூறு வருச இடைவெளி. நீ இதப் பாத்து 'ரெண்டு டைம்லைன்'னுட்ட. ரெண்டு அளவுகோலு, அவ்வளவுதான். கார்பன் கணக்க நேரா வருசமா மாத்த முடியாது, மர வளையத்த வச்சு ஒரு அட்டவண போட்டு அது வழியா மாத்தணும், 2020-ல அந்த அட்டவணையப் புதுப்பிச்சதும் இடைவெளி கொஞ்சம் சுருங்கிட்டு. இன்னொரு குசும்பும் உண்டு: எரிமலை வாயில இருந்து வார கார்பன் டை ஆக்சைடுல கார்பன்-14 (மெல்ல மெல்லச் செதையுத கார்பன், அது எவ்வளவு மிச்சம்னு பாத்துத்தான் வயசு கணக்குப் போடுதது) கெடயாது, அந்தக் காத்தக் குடிச்சு வளந்த செடி நேத்து மொளச்சதா இருந்தாலும் கணக்குல பல நூறு வருசம் பழசாக் காட்டும். பச்சப்புள்ளைக்கு நரை விழுந்தாப்ல. இத நீ பாத்திருந்தா 'கடந்த காலத்துல இருந்து வந்த செடி'ன்னு இன்னொரு அத்தியாயம் எழுதிருப்ப, தப்பிச்சோம்.

இப்பத்தான் நான் சொல்ல வந்த சங்கதி. நம்ம வீட்ல கலர் டிவி எப்ப வாங்குனோம்னு எனக்கும் ஒங்க அம்மைக்கும் பல வருசமா தகராறு. நான் 91-ங்கேன், அவ 93-ங்கா. ரசீது இல்ல. எங்க ரெண்டு பேரு மண்டைக்குள்ளயும் ரெண்டு டைம்லைன். கடைசில ஒங்க ஆச்சிதான் தீத்து வச்சா: 'வெள்ளம் வந்தன்னைக்கி டிவிப் பெட்டியத் தூக்கிட்டு மச்சுக்கு ஓடுனியளா இல்லயா?' ஓடுனோம். வெள்ளம்னா 1992 நவம்பர், ராத்திரியோட ராத்திரியா தாமிரவரணி ஊருக்குள்ள வந்த வெள்ளம். அப்ப டிவி அதுக்கு முந்தி. அடுத்த வளவுல அன்னைக்கி ராத்திரி கண்ணுக்குட்டி போட்ட பசுவும் இப்ப எங்க டிவியோட கணக்குல சேந்துட்டு, எம்பது கெசம் தள்ளி இருந்த ரெண்டு குடும்பத்துக் கதையும் ஒரே ராத்திரில முடிச்சு விழுந்துட்டு. இனி வாரவன் 2023 டிசம்பர் வெள்ளத்த வச்சு முடிச்சுப் போடுவான்.

உலகத்துக்கு எரிமலை அதத்தாம்ல செய்யுது. கிரீன்லாந்துல வருசா வருசம் விழுத பனி அடுக்கடுக்கா இறுகிக் கெடக்கு, ஆழமா தொளச்சு எடுத்தா ஐஸ் கம்பி மாதிரி வரும், அடுக்க எண்ணிக்கிட்டே போலாம். அண்டார்டிகாவுல இன்னொரு கம்பி. ஐரோப்பாவுல மரவளையம், ஜப்பான்ல மரவளையம், ஆப்பிரிக்காவுல ஏரிச் சேறு. ஒவ்வொண்ணும் ஒரு தனி டைம்லைன், ஒண்ணுக்கு இன்னொண்ணு தெரியாது, ஒவ்வொண்ணுலயும் எண்ணுதவன் எங்கயாவது ஒண்ணு ரெண்டு விட்டுருப்பான். வெப்ப மண்டலத்துல பெரிய வெடிப்பு வந்தா அதோட கந்தகம் ரெண்டு துருவத்துலயும் விழும், ரெண்டு ஐஸ் கம்பிலயும் ஒரே அமில அடுக்கு. அந்த அடுக்கப் புடிச்சு ரெண்டையும் கட்டிரலாம். 1815 அடுக்கு அங்கயும் இருக்கு இங்கயும் இருக்கு. 1783-ல ஐஸ்லாந்துல வெடிச்ச லாக்கி மட்டும் கிரீன்லாந்துல இருக்கும், அண்டார்டிகாவுல இருக்காது, அத வச்சே எந்த ஊரு வெடிப்புன்னு யூகிக்கலாம். சாம்பலும் அப்பிடித்தான், ஒவ்வொரு வெடிப்போட கண்ணாடித்தூளுக்கும் ரசாயனக் கைரேகை வேற. சுமாத்திராவுல 74,000 வருசத்துக்கு முந்தி வெடிச்ச டோபாவோட சாம்பல் ஆந்திராவுல கர்நூல் பக்கம் ஜ்வாலாபுரத்துல கெடக்கு, சாம்பலுக்குக் கீழயும் கல்லாயுதம் இருக்கு, மேலயும் இருக்கு. வெடிப்புல காலம் பிரியவும் இல்ல, அங்கன இருந்த ஆளு அத்தோட ஒழிஞ்சு போவவும் இல்ல.

ஒண்ணு சொல்லுதேன், இதுதான் ஒன் கதைக்குத் தேவயான நெசக் கதை. கி.பி. 536-ல சூரியன் மங்கிப்போச்சுன்னு பழய எழுத்துல இருக்கு, மரவளையமும் அந்த வருசம் குளிருன்னு சொல்லுது. ஐஸ் கம்பில பாத்தா பக்கத்துல வெடிப்பு இருக்கு, ஆனா தேதி ஒட்டல. ஏழு வருசம் போலத் தள்ளி நிக்கி. மொத்த மொதல் ஆயிரம் வருசத்துலயும் இதே கோளாறு, ஐஸ் ஒரு காலமும் மரம் ஒரு காலமும் காட்டுது, நீ சொன்ன கிளை இதுதான்னு வச்சுக்கயேன். பெறவு 2012-ல ஜப்பான்ல மியாகேன்னு ஒரு பொம்பளப்புள்ள செடார் மரத்துல 775-ம் வருசத்து வளையத்துல கார்பன்-14 திடீர்னு குதிச்சிருக்கதக் கண்டுபுடிச்சா. அது வானத்துல இருந்து வந்த கதிர்வீச்சு, உலகம் பூரா ஒரே நேரத்துல விழுந்தது. அதே அடையாளத்த ஐஸ்ல தேடிப் பாத்தா ஏழு வருசம் தள்ளி இருக்கு. ஆக அடுக்கு எண்ணுனவங்க தப்பு. 2015-ல திருத்துனாவ, திருத்துனதும் 536, 540 வெடிப்பெல்லாம் மரவளையத்தோட கச்சிதமா வந்து உக்காந்துட்டு.

ஓலைச்சுவடிக்காரன் பேரன்தான நீ, இதயும் கேளு. 1257-ம் வருசப் பக்கம் பெரிய கந்தக அடுக்கு ஒண்ணு ரெண்டு துருவத்துலயும் இருந்துச்சு, எந்த மலைன்னு பல வருசமா தெரியல. 2013-லதான் லொம்போக் தீவுல சமாலாஸ்னு முடிச்சுப் போட்டாவ. அதுக்குத் தொணையா வந்தது எது தெரியுமா, பனை ஓலை. அந்தத் தீவோட பழய கதைய எழுதுன ஓலைல மலை சரிஞ்சதும், பமாத்தான்ங்க ஊரு அழிஞ்சதும் இருந்துச்சு.

ஆனா முடிச்சுப் போடுததுல எனக்கே ஒருக்கா கை சுட்டுச்சு. 1809, 10, 11-ல நம்ம திருநெல்வேலி, மதுரை, திண்டுக்கல், கோயமுத்தூர் பக்கமெல்லாம் கொள்ளக் காய்ச்சல் வந்து சனம் செத்துது, மெட்ராஸ் சர்க்கார் ஒரு கமிட்டி போட்டு அது அறிக்கையே எழுதுச்சு, அது அச்சாகி வந்தது 1816-ல, கோடையே இல்லாத அதே வருசம். ஐஸ் கம்பில 1809-ல பேரு தெரியாத ஒரு வெடிப்போட அடுக்கும் இருக்கு, எந்த மலைன்னு அடையாளம் தெரியாத ஒண்ணு. நான் ஒரு கூட்டத்துல எந்திரிச்சு ரெண்டையும் சேத்து ஒரு மணி நேரம் வெளுத்து வாங்கிட்டேன், நல்ல கைதட்டு. முடிஞ்சு வெளிய வரும்போது பொதுப்பணித்துறைல இருந்து ரிட்டையர் ஆன ஒரு அண்ணாச்சி கேட்டாரு: 'சாரே, காய்ச்சல் வாரதுக்கு நம்ம ஊருக் கொளமும் கொசுவும் பத்தாதோ, ஜாவாப் பக்கத்துல இருந்து வரணுமோ?' பக்கத்துப் பக்கத்துல நடந்துச்சுங்கதத் தவுர என் கையில ஒண்ணுமே இல்ல. அன்னைக்கில இருந்து யாராவது எரிமலையையும் சரித்திரத்தையும் சேத்துப் பேசுனா அண்ணாச்சி கொரலுதான் மொதல்ல கேக்கும், ஒன் வாய்ஸ் மெசேஜ்லயும் கேட்டுச்சு.

கதைக்கு ஒண்ணு தாரேன், வேணும்னா வச்சுக்கோ. நம்ம வீட்டு டிரங்குப் பெட்டில ஒரு பழய ஓலை இருக்கு, வயக்காட்டு ஒத்தி விசயம். அதுல 'பவ வருசம் பங்குனி மாசம்'னு இருக்கு, கொல்லம் ஆண்டு (நம்ம பக்கத்துப் பழய ஆண்டுக் கணக்கு) எழுதுன எடத்தக் கரையான் தின்னுட்டு. பவ வருசம் அறுவது வருசத்துக்கு ஒருக்கா சுத்தி வரும், அதனால அது 1815-ஆவும் இருக்கலாம், 1875-ஆவும் இருக்கலாம். 1815-ன்னா கொல்லம் 990, அந்தப் பங்குனி முடியப் போற நேரந்தான் தம்போரா வெடிச்சுது. இங்க சத்தம் கேட்டிருக்காது, சுமாரா 4800 கிலோமீட்டர் தூரம், அந்தச் சத்தம் அவ்வளவு தொலவு வரல. ஓலைலயும் அதப் பத்தி ஒரு எழுத்து கெடயாது, எத்தன கோட்டை நெல்லு, எந்த வாய்க்கா பாசனம், அம்புட்டுதான். ஆனா அந்த வாய்க்காலுக்கு இப்ப வேற பேரு, பேரு எப்ப மாறுச்சுன்னு கண்டுபுடிச்சா எந்தப் பவன்னு தெரிஞ்சிரும்.

சனிக்கிழம பாசஞ்சரப் புடிச்சு வந்துரு, ஓலைய எடுத்து வைக்கேன், எழுத்து தெளியதுக்கு கோவை எலையும் பறிச்சு வைக்கேன். வந்தவுடனே ஒங்க ஆச்சிட்ட வாய்க்கா பேரக் கேப்போம். டிவி விசயத்த மட்டும் அவ முன்னால எடுக்காத, ஒங்க அம்மை இன்னும் 93-ன்னுதான் சொல்லிக்கிட்டு இருக்கா.